செந்தேளா, நட்டுவாக்காலியா: முன்கொடுக்கைப் பாருங்கள்

பள்ளிப்பட்டு, நகரி பக்கம் கல் அடுக்கிய வரப்பும் ஓட்டு வீடும் உள்ளவர்களுக்குத் தேள் புதிதல்ல. ஆனால் கையகலம் கறுப்பாக வரும் நட்டுவாக்காலியைக் கண்டு அலறுகிறோம், விரல் நீளச் செந்தேளைச் செருப்பால் தள்ளிவிட்டுப் போகிறோம். ஆபத்து அந்தச் சின்னதில்தான்.

முன்கொடுக்கு, அதாவது முன்னால் இருக்கும் இடுக்கி, நண்டின் இடுக்கி மாதிரி தடித்து, வால் மெலிந்திருந்தால் நட்டுவாக்காலி. கொட்டினால் வலிக்கும், பெரும்பாலும் உயிருக்கு ஆபத்தில்லை. முன்கொடுக்கு குச்சிபோல் மெலிந்து, வால் தடித்து, உடம்பு செம்பழுப்பாக இருந்தால் செந்தேள், அதன் விஷம் இதயத்தையே தாக்கும், குழந்தைகளுக்கு ரொம்பவே மோசம்.

ராத்திரி கள்ளநோட்டு பார்க்கும் யூவி டார்ச்சை விறகுக் குவியல் மேல் அடித்துப் பாருங்கள், தேள் இருந்தால் பச்சை நீலமாக மின்னும். காலையில் செருப்பைத் தட்டிப் போடுங்கள். கட்டிலைச் சுவரை விட்டுத் தள்ளிப் போடுங்கள், கொசுவலையை மெத்தைக்கு அடியில் செருகுங்கள்.

கொட்டிவிட்டால் கயிறு கட்டாதீர்கள், கீறாதீர்கள். சோப்புப் போட்டுக் கழுவி, துணியில் சுற்றிய ஐஸ் வையுங்கள். வியர்த்துக் கொட்டுவது, வாந்தி, கைகால் சில்லிடுவது, மூச்சுத்திணறல், இதில் ஒன்று தெரிந்தாலும் மந்திரிக்கப் போய் நேரத்தை விடாதீர்கள், 108-ஐ கூப்பிடுங்கள். பிரசோசின் என்ற மாத்திரையும் விஷமுறிவு ஊசியும் இதற்கு உண்டு, எது எவ்வளவு என்பதை மருத்துவர் முடிவு செய்வார். குழந்தையைக் கொட்டியிருந்தால் அறிகுறிக்கே காத்திருக்க வேண்டாம், உடனே கிளம்புங்கள்.