மினி-14 புது மாடலைச் சோதிக்க இருபது தோட்டா போதும்

ருகர் கம்பெனியின் மினி-14 ரைபிள் பற்றி அமெரிக்காவில் துப்பாக்கி பிடிப்பவர்களிடம் கேட்டால் பெரும்பாலும் இரண்டு பதில்தான் வரும். எவ்வளவு அழுக்கானாலும் சுடும் என்பது ஒன்று, ஆனால் எங்கே போய்ப் படும் என்று சொல்ல முடியாது என்பது இன்னொன்று. இரண்டாவது பேச்சு பழைய துப்பாக்கிகள் சம்பாதித்துக் கொடுத்த கெட்ட பெயர். 2005-ல் கம்பெனி இதைத் திருத்தி மறுபடி கொண்டுவந்தது, அடுத்த சில வருடங்களில் பேரலும், அதாவது குண்டு வெளியேறும் குழலும், தடித்தது.

செகண்ட் ஹேண்டாக வாங்குவதாக இருந்தால் முதலில் வரிசை எண்ணைப் பாருங்கள். 18, 19 என்று தொடங்கினால் பழசு, 58-ல் தொடங்கினால் திருத்திய மாடல். விற்பவர் "புது மாடல்தான்" என்று சொல்வதை நம்ப வேண்டாம், பேரல் பென்சில் மாதிரி மெலிந்து போகிறதா என்று கண்ணாலும் பாருங்கள்.

கையில் வாங்கியதும் மேகசினைக் (தோட்டா அடுக்கும் பெட்டி) கழற்றுங்கள், அப்புறம் போல்ட்டை (தோட்டாவை உள்ளே தள்ளும் பாகம்) இழுத்து நிறுத்தி சேம்பருக்குள் (தோட்டா உட்காரும் அறை) கண்ணால் பாருங்கள், சுண்டுவிரலை விட்டும் பாருங்கள். இந்த வரிசையை மாற்றாதீர்கள். சேஃப்டி, விசைக் காப்பு வளையத்தின் முன்பக்கம் இருக்கும். பின்னால் தள்ளினால் பூட்டு, முன்னால் தள்ளினால் சுடும். பேரலுக்கு நடுவில் கேஸ் பிளாக்கை (சுடும்போது வரும் வாயுவைக் கொண்டு துப்பாக்கியை இயக்கும் பாகம்) நான்கு திருகுகள் பிடித்திருக்கும். அதன் மேல்பாதிக்கும் கீழ்பாதிக்கும் நடுவே உள்ள இடைவெளி இரண்டு பக்கமும் ஒரே அளவாக இருக்கிறதா என்று மட்டும் பாருங்கள், திருகில் கை வைக்காதீர்கள்.

இனி ரேஞ்ச், அதாவது சுடும் மைதானம். ஒரே பெட்டி, 55 கிரெய்ன் எடையுள்ள குண்டு, இருபது தோட்டா, நான்கு காகிதம். 100 கஜத்தில், மணல்மூட்டையில் சாய்த்து, பேரல் ஜில்லென்று இருக்கும்போதே முதல் காகிதத்தில் ஐந்து. ஆறவிடாமல் அடுத்த காகிதத்தில் ஐந்து, அப்படியே நான்கும். நடுவில் ஸ்கோப்பைத் (குறிபார்க்கும் தொலைநோக்கி) திருப்பித் திருத்தக் கூடாது, எவ்வளவு கை அரித்தாலும். பழைய மினியின் நோயே சூடுதான்: மெலிந்த பேரல் காய்ந்ததும் குண்டு படும் இடம் நகரத் தொடங்கும், அதனால் முதல் ஐந்தை மட்டும் பார்த்து "அருமை" என்று வீட்டுக்குக் கொண்டுவந்தவர்கள் நிறையப் பேர். வீட்டுக்கு வந்ததும் நான்கு காகிதங்களையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடியுங்கள். ஓட்டைகள் ஒரே இடத்தில் கூடி நின்றால் சரி, ஒவ்வொரு காகிதத்திலும் கொஞ்சம் கொஞ்சமாக ஒரு பக்கம் ஏறிக்கொண்டே போனால் பேரல் சொல்கிற செய்தி அதுதான். ஒவ்வொரு குரூப்பும், அதாவது ஒரு காகிதத்தின் ஐந்து ஓட்டைகளும், இரண்டு அங்குலத்துக்குள் வந்தால் எனக்குப் போதும். ஒரு அங்குலம் வேண்டுமென்றால் நீங்கள் கேட்பது வேறு துப்பாக்கி.

தோட்டா விஷயத்தில் ஒரு எச்சரிக்கை. மினி-14-ல் சாதாரண ராஞ்ச் மாடல் .223, 5.56 என்ற இரண்டு வகைத் தோட்டாவையும் ஏற்கும், டார்கெட் மாடலுக்கு .223 மட்டும்தான்.

மேகசின் கம்பெனியுடையதாகவே இருக்கட்டும். மலிவாகக் கிடைத்ததே என்று வெளி மேகசின் ஒன்றை வாங்கி, தோட்டா சிக்கிக்கொண்டே இருந்ததால் அரை நாள் துப்பாக்கியைத் திட்டியிருக்கிறேன், மேகசினை மாற்றியதும் ஒரு தடவைகூடச் சிக்கவில்லை. காலி உறைகள் ரொம்ப தூரம் பறக்கும், அது பழுதில்லை, இந்தத் துப்பாக்கியின் குணமே அப்படி. வலது பக்கத்து பெஞ்சில் ஆள் இருந்தால் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

செகண்ட் ஹேண்ட் துப்பாக்கியை விற்பவர் ஐந்து சுட்டதும் "போதுமே, பார்த்துவிட்டீர்களே" என்று கையை நீட்டுவார். மீதிப் பதினைந்து தோட்டாவும் என் காசுதான் என்று சொல்லிவிட்டு இரண்டாவது காகிதத்தை மாட்டுங்கள்.