காட்டோர வளவில் குடியிருக்கப் போகிறீர்களா?

மட்டக்களப்பில், காட்டை ஒட்டிய உன்னிச்சைக்கு அங்கால் எங்கள் வளவில் பிறந்து வளர்ந்தவள் நான். அந்தப் பக்கம் காணி வாங்கிக் குடியேற நினைக்கிறவர்கள் வீட்டுப் படத்தோடு வருகிறார்கள். முதலில் தண்ணீரைப் பாருங்கள்.

மார்கழியில் எங்கே தோண்டினாலும் தண்ணீர் ஊறும். அதை நம்பிக் கிணறு வெட்டினால் ஆவணியில் வாளி தரை தட்டும். அதனால் ஆவணி, புரட்டாசியில் போய்க் காணியைப் பாருங்கள். கச்சான் காற்று அடித்து எல்லாம் காய்ந்த பிறகும் பச்சையாக நிற்கிற இடம் எது என்று தெரியும். முதல் மழைக்குத் தண்ணீர் கலங்கினால் தேத்தாங்கொட்டையை மண்பானையின் உட்பக்கத்தில் நன்றாக உரசி, தண்ணீரை ஊற்றி விடியும்வரை அசைக்காமல் விடுங்கள். சேறு அடியில் படிந்துவிடும். ஆனால் தெளிந்த தண்ணீர் எல்லாம் நல்ல தண்ணீர் இல்லை, கொதிக்க வைத்தே குடியுங்கள்.

அடுத்தது யானை. மின்வேலி இருக்கிறதே என்பீர்கள். நெல் வாசம் பிடித்த யானைக்கு வேலி ஒரு பொருட்டில்லை, காய்ந்த மரத்தைத் தள்ளிக் கம்பிக்கு மேலே போட்டுவிட்டு வரும். மாசி, பங்குனியில் அறுவடை முடிந்ததும் மூட்டைகளைப் படுக்கிற அறைச் சுவரோடு அடுக்குகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். யானை வாசலைத் தேடாது, மூட்டை இருக்கிற சுவரைத்தான் தள்ளும். அப்பா நெல்லை எழுவான்கரையில், அதாவது வாவிக்குக் கிழக்கே கடலோரப் பக்கத்தில், மாமி வீட்டில் போட்டுவிட்டு, தேவைக்குக் கொஞ்சம் கொஞ்சமாக அரிசியாகக் குற்றிக் கொண்டுவருவார். அலைச்சல்தான், வேறு வழியில்லை. உப்புக்கும் அதே கதை: குசினியைத் தள்ளிக் கட்டுங்கள், உப்பு அங்கேயே இருக்கட்டும். கசிப்பு, அதாவது கள்ளச்சாராயம், காய்ச்ச ஊறவைக்கிற கோடாவின் வாசத்துக்கும் யானை வரும். காய்ச்சுகிறவர்கள் தயவுசெய்து வேறு வளவு பார்க்கட்டும்.

வாழையை வீட்டோடு நடாதீர்கள். தேசி, தோடை மாதிரி எலுமிச்சை இன மரங்களை நடலாம், யானைக்கு அவ்வளவு பிடிக்காது. வீட்டுக்கு இரண்டு வாசல் கட்டாயம். ஒரு பக்கம் சுவர் விழுந்தால் மறுபக்கத்தால் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு இறங்க வேண்டும், அந்த வாசலில் சைக்கிளையும் உரப்பையையும் சாத்தி வைக்காதீர்கள். யானையை விரட்ட எறிகிற யானைவெடியை நனையாமல் வையுங்கள். எறியும்போது யானை திரும்பிப் போகிற வழியை மறிக்க வேண்டாம். கிட்ட நிற்கிற தனியனுக்கு, கூட்டத்தைவிட்டுத் தனியே திரிகிற ஆண் யானைக்கு, எறியவே வேண்டாம்.

பாலைப்பழக் காலத்தில் நாங்கள் பழம் பறிக்கப் போகிற அதே மரத்துக்குத்தான் கரடியும் வரும். காட்டுக்குள் போனால் சத்தமாகக் கதைத்துக்கொண்டு போங்கள். சத்தமில்லாமல் போய்க் கரடியோடு முட்டிக்கொள்வதுதான் ஆபத்து. அப்புறம், விடியும்போது வழியில் யானை நிற்கலாம், அதனால் பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகளை வெயில் ஏறிய பிறகே அனுப்புங்கள். பிந்தி வந்ததற்கு ரீச்சர் ஏசினால் ஏசட்டும்.