அசுவினிக்கு மருந்து வாங்குமுன் கொத்தமல்லியைப் பூக்க விடுங்கள்

கொத்தமல்லி பூவெடுத்துவிட்டால் பிடுங்கி எறியாதீர்கள், நாலைந்து செடியை அப்படியே விடுங்கள், அசுவினிக்கு (செடியில் கூட்டமாக ஒட்டிச் சாறு உறிஞ்சும் சின்னப் பூச்சி) அடிக்கும் மருந்துச் செலவு குறையும். அசுவினியைத் தின்பது சிர்ஃபிட் என்ற ஈயின் புழு. அந்த ஈயின் வாய் குட்டை, ஆழமான பூவில் தேன் எட்டாது, அதனால் கொத்தமல்லி, சோம்பு மாதிரி விரிந்த சின்னப் பூக்களைத்தான் தேடி வரும், வந்த இடத்திலேயே அசுவினிக் கூட்டத்துக்குப் பக்கத்தில் அரிசிக்குருணை போல வெள்ளை முட்டையும் வைக்கும். முட்டையிலிருந்து வரும் புழுவுக்குக் கால் கிடையாது, அசுவினியை வாயால் கவ்வித் தூக்கி, சாற்றை உறிஞ்சிவிட்டு வெறும் தோலைப் போட்டுவிடும், இலைப்புழு என்று நினைத்து நசுக்கிவிடாதீர்கள் (நானும் நசுக்கியிருக்கிறேன்!). மஞ்சள் கறுப்புப் பட்டையோடு அந்தரத்தில் அசையாமல் நிற்கும் ஈ தேனீ மாதிரித்தான் தெரியும், ஆனால் இறக்கை இரண்டே, கொட்டவும் கொட்டாது.

மாவுப்பூச்சி, காய்ப்புழுவுக்கெல்லாம் இதை நம்ப வேண்டாம். பூச்சிமருந்து அடித்துக்கொண்டே இருந்தாலும் பலிக்காது, ஈயும் சேர்ந்து செத்துவிடும். அப்புறம், செடியில் எறும்பு ஏறினால் முதலில் அதைத் தடுங்கள், அசுவினி சுரக்கும் இனிப்புக்காக எறும்பு இந்த ஈயின் புழுவை விரட்டிவிடும்.