‘டி’ என்றால் இரண்டாவது தடவை அல்ல: குழந்தைகளின் குதிகால் முறிவும் கோடிங் தவறுகளும்

சென்னையில் உட்கார்ந்துகொண்டு அமெரிக்க மருத்துவமனைகளின் சார்ட்டுகளுக்கு (நோயாளிக் குறிப்புகளுக்கு) மெடிக்கல் கோடிங் செய்பவர்கள், அதாவது நோயையும் சிகிச்சையையும் காப்பீட்டுக்கான குறியீடுகளாக மாற்றுபவர்கள், எலும்பு முறிவைக் கண்டு அஞ்சுவதில்லை. எந்த எலும்பு, எந்தப் பக்கம், குறியீட்டின் கடைசியில் வரும் ஏழாவது எழுத்து என்ன என்ற மூன்று கேள்விகளில் வேலை முடிந்துவிடும் என்று நினைப்பு. ஆடிட்டுக்காக என் மேசைக்கு வருபவற்றில் குழந்தைகளின் குதிகால் முறிவு இந்த நினைப்பை அடிக்கடி பொய்யாக்குகிறது. முதல் நாள் சார்ட் பெரும்பாலும் சரியாகவே இருக்கும். மாவுக்கட்டு மாற்ற வந்த நாள், எக்ஸ்ரே எடுக்க வந்த நாள் என்று தொடர் வருகைகளில்தான் சறுக்குகிறார்கள்.

பேச்சுக்கு ஒரு சிறுவனை வைத்துக்கொள்வோம். வயது 11. ஸ்கேட்போர்டிலிருந்து விழுந்து இடது குதிகால் எலும்பு முறிந்தது. வளர்ச்சித் தட்டில் (பிள்ளைகளின் எலும்பு வளரும் குருத்தெலும்புப் பகுதியில்) முறிவு, அத்தகைய முறிவுகளை வகைப்படுத்தும் சால்டர்-ஹாரிஸ் முறையில் இரண்டாம் வகை என்று டாக்டர் எழுதியிருக்கிறார்.

குதிகால் எலும்பின் மருத்துவப் பெயரான ‘கல்கேனியஸ்’ என்ற சொல்லைக் கண்டதும் கை தானாக எஸ்92.0 என்ற குறியீட்டு வரிசைக்குப் போகும். பெரியவர்களின் குதிகாலுக்கு அதுதான் இடம். ஆனால் வளர்ச்சித் தட்டு முறிவுக்கென்று 2016 அக்டோபர் 1 முதல் எஸ்99.0 என்ற தனி வரிசை இருக்கிறது. சால்டர்-ஹாரிஸ் முதல் நான்கு வகைகளுக்கும் அங்கே தனித்தனி இடம் உண்டு. ஐந்தாம் வகைக்கு இல்லை. நம் சிறுவனின் இடது குதிகாலுக்கு எஸ்99.022. இன்னொரு வேறுபாட்டையும் கவனியுங்கள். எஸ்92.01 முதல் எஸ்92.06 வரை ஆறாவது இலக்கம் எலும்பு விலகியதா, விலகவில்லையா என்பதையும் சேர்த்தே சொல்லும். எஸ்99.0 வரிசையில் அது வலமா இடமா என்பதை மட்டுமே சொல்லும். ஒரு வரிசையின் பழக்கத்தை மற்றதற்குக் கொண்டுபோனால், அங்கே இல்லாத குறியீட்டைத் தேடிக்கொண்டிருப்பீர்கள்.

இனி ஏழாவது எழுத்து. ‘ஏ’ என்றால் முதல் வருகை, ‘டி’ என்றால் அடுத்த வருகை என்று யாரோ எப்போதோ சொல்லிக்கொடுத்தது பலர் மனத்தில் கல்வெட்டாகப் பதிந்திருக்கிறது. அந்த எழுத்து எத்தனையாவது வருகை என்பதை எண்ணுவதில்லை. சிகிச்சை எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்பதைச் சொல்கிறது. அவசரப் பிரிவில் ஸ்ப்ளின்ட் (அசையாமல் தாங்கும் தற்காலிகக் கட்டு) கட்டி அனுப்பினார்கள்: ‘ஏ’. நான்கு நாள் கழித்து எலும்பு மருத்துவர் முறிவை மதிப்பிட்டு, என்ன செய்வது என்று முடிவெடுத்து, மாவுக்கட்டுப் போட்டார். சிறுவனுக்கு இது இரண்டாவது வருகை. ஆனாலும் ‘ஏ’தான், ஏனென்றால் முனைப்பான சிகிச்சை இன்னும் நடக்கிறது. அதன் பிறகு கட்டை மாற்றுவது, பிரிப்பது, எலும்பு கூடுகிறதா என்று எக்ஸ்ரே பார்ப்பது, வைத்த கம்பியை எடுப்பது எல்லாம் குணமாகும் காலத்துக் கவனிப்பு. அங்கிருந்து எஸ்99.022டி.

இதே தவறு தலைகீழாகவும் நடக்கும். ஐந்தாவது வாரத்தில் குடும்பம் வேறு ஊருக்குப் போய், புதிய டாக்டரிடம் காட்டுகிறது. அவருக்குப் புதிய நோயாளி, ஆகவே ‘ஏ’ என்று போட்டுவிடுவார்கள். புதியவரா பழையவரா என்ற கணக்கு வருகைக் கட்டணக் குறியீட்டுக்கு உரியது. முறிவின் குறியீட்டுக்கு அதனோடு உறவில்லை. வெறும் சுளுக்கு என்று வீட்டிலேயே எண்ணெய் தேய்த்து, மூன்று வாரம் கழித்து முதன்முறையாகக் கூட்டிவந்தால் அதற்கு ‘ஏ’. காயம் பழையதாக இருக்கலாம், சிகிச்சை இன்றுதான் தொடங்குகிறது.

கட்டுப் பிரிக்க வந்த நாளுக்கு இசட்47 வரிசையிலிருந்து எலும்புப் பின்கவனிப்புக் குறியீட்டைப் போடுவதும் வழக்கமாகிவிட்டது. விபத்தில் ஏற்பட்ட முறிவுக்கு அது கூடாது. முறிவின் குறியீட்டையே ‘டி’யோடு எழுத வேண்டும். விழுந்த காரணத்தைச் சொல்லும் குறியீடும் கூடவே வரும், அதன் ஏழாவது எழுத்தும் மாறும்: வி00.131டி. எங்கே விழுந்தான், என்ன செய்துகொண்டிருந்தான் என்பவை முதல் சிகிச்சையின்போது ஒரே தடவை மட்டும்.

எலும்பு தாமதமாகக் கூடினால் ‘ஜி’, கூடவே இல்லையென்றால் ‘கே’, கோணலாகக் கூடினால் ‘பி’. தோல் கிழிந்த திறந்த முறிவின் முதல் சிகிச்சைக்கும் ‘பி’ என்றுதான் தமிழில் எழுத வேண்டியிருக்கிறது. திறந்த முறிவுக்குரியது ஆங்கில நெடுங்கணக்கின் இரண்டாம் எழுத்து, கோணலுக்குரியது பதினாறாம் எழுத்து. பயிற்சி வகுப்பில் வாயால் சொல்லும்போது இந்தக் குழப்பத்தை நான் பார்த்திருக்கிறேன். எக்ஸ்ரே அறிக்கையில் ‘முறிவுக் கோடு இன்னும் தெரிகிறது’ என்று ஒரு வரி இருந்தால் உடனே ‘ஜி’ போடத் துடிக்கும் கோடர்கள் உண்டு. எட்டு வார எக்ஸ்ரேயில் கோடு தெரிவது தாமதமா இல்லையா என்று தீர்மானிப்பது சிகிச்சை செய்யும் டாக்டரின் வேலை. அவர் எழுதவில்லையென்றால் அவரைக் கேளுங்கள். ஒரு குறிப்பில் இடது, அடுத்ததில் வலது என்று இருந்தாலும் அதுவே வழி.

காப்பீட்டு நிறுவனம் பணம் தராமல் க்ளெய்மைத் திருப்பி அனுப்புவது பெரும்பாலும் வேறொரு இடத்தில். எலும்பு மருத்துவர் 28400 என்ற முறிவுச் சிகிச்சைக் குறியீட்டைப் போட்டால், அதற்கு 90 நாள் தொகுப்புக் காலம் உண்டு; அதற்குள் வரும் வழக்கமான கவனிப்பும் அந்த ஒரே கட்டணத்தில் அடங்கிவிடும். அந்தக் காலத்தில் அதே முறிவுக்கான வழக்கமான வருகைகள் கட்டணமில்லாத 99024 என்றே பதிவாகும். குதிகால் எக்ஸ்ரேக்கான 73650 தனியாகப் போகும். தொடர் வருகைக்கு வழக்கம்போல் 99213 என்ற வருகைக் கட்டணக் குறியீட்டைப் போட்டு அனுப்பினால் க்ளெய்ம் திரும்பிவிடும். அவசரப் பிரிவு டாக்டர் கட்டி அனுப்பியதோடு நிறுத்தியிருந்தால் அவருக்கு 28400 கிடையாது. இரண்டு பேரும் அதைப் போட்டால் யாருடையது முதலில் போய்ச் சேர்ந்ததோ அவருக்குப் பணம், மற்றவருக்கு மறுப்புக் கடிதம்.

குதிகால் வலிக்கும் பிள்ளைகள் எல்லோருக்கும் முறிவு இருப்பதில்லை. ஓடியாடும் வயதில் வளர்ச்சிப் பகுதி அழற்சியுற்று வலிப்பது செவர் நோய்; இடது பக்கத்துக்கு எம்92.62. அந்த வயதில் குதிகாலின் வளர்முனை எக்ஸ்ரேயில் அடர்த்தியாக, துண்டு துண்டாகத் தெரிவது இயல்பே. அறிக்கையில் ‘துண்டு’ என்ற சொல்லைப் பார்த்து முறிவு என்று எடுத்துக்கொண்டால், விழவே விழாத பிள்ளையின் மருத்துவ வரலாற்றில் ஒரு முறிவு ஏறிவிடும்.

நம் சிறுவன் ஒன்றரை ஆண்டு கழித்துப் பாத வலியோடு வருகிறான் என்று வையுங்கள். முறிவு கூடிவிட்டது, வலி அதன் பின்விளைவு என்று டாக்டர் எழுதியிருக்கிறார். இப்போது ‘டி’ இல்லை. வலிக்கான எம்79.672 முதலில், அடுத்து எஸ்99.022எஸ்; கடைசி ‘எஸ்’ பின்விளைவைக் குறிக்கும். இந்த முன்பின் மாறினால் ஆடிட்டில் மீண்டும் என் மேசைக்கே வரும்.