காதலா, குடும்பக் கடமையா: முடிவெடுக்கும் முறை

முடிவெடுக்க அமர்வதற்கு முன், குடும்பம் உங்களிடம் எதிர்பார்ப்பவை அனைத்தையும் ஒரு தாளில் எழுதிப் பாருங்கள். நோயுற்ற தாயைக் கவனிப்பது, வீட்டுக் கடனை அடைப்பது, தங்கையின் படிப்புச் செலவை ஏற்பது போன்றவை உங்கள் உழைப்பையும் பணத்தையும் நேரத்தையும் கேட்கின்றன. உறவினர் முன் தலைகுனிவு வரக்கூடாது, நாங்கள் காட்டுபவரையே மணக்க வேண்டும் என்பவையோ உங்கள் சம்மதத்தைக் கேட்கின்றன. முன்னவற்றைக் கடமையாக ஏற்பதே முறை. பின்னவை பெற்றோரின் விருப்பங்கள். அவற்றை மதித்துக் கேட்கலாம், ஆனால் அவை உங்களைக் கட்டுப்படுத்தா. ஐக்கிய நாடுகள் பொதுச்சபை 1948இல் ஏற்ற மனித உரிமைப் பேரறிக்கையின் 16ஆம் பிரிவும், மணம் புரியும் இருவரின் முழுமையான, சுதந்திரமான சம்மதத்தோடுதான் திருமணம் நடைபெற வேண்டும் என்கிறது.

அடுத்து, உண்மையான கடமை ஒவ்வொன்றுக்கும் எவ்வளவு தேவை, எத்தனை ஆண்டுகளுக்குத் தேவை, உடன்பிறந்தவர்களில் யார் பங்கேற்க முடியும் என்று குறித்துக்கொள்ளுங்கள். மற்றவர்களிடம் யாரும் கேட்காததாலேயே ஒரு பிள்ளை முழுச் சுமையையும் சுமக்கும் குடும்பங்கள் உண்டு.

இந்தக் கணக்கை நீங்கள் நேசிப்பவரிடம் மறைக்காமல் காட்டுங்கள். பெற்றோர் நம்முடன் வசிக்க வேண்டியிருக்கும், வருமானத்தில் இன்ன பங்கு அவர்களுக்குப் போகும் என்பதைத் திருமணத்துக்குப் பிறகு அறிய நேர்ந்தால், அவர் ஏமாற்றப்பட்டதாகவே உணர்வார். அவரால் எதை ஏற்க முடியும், எதை ஏற்க முடியாது என்று கேட்டு, அந்தப் பதிலை அப்படியே நம்புங்கள். காலவரையறை இல்லாமல் காத்திருக்கச் சொல்வது, என் பார்வையில், மறுப்பதைவிடக் கொடுமையானது. அவருக்கும் ஒரே ஒரு வாழ்க்கைதான் இருக்கிறது.

பெற்றோரிடம் பேசும்போது, அவர்களுக்காகத் தொடர்ந்து செய்யப்போவதை முதலில் தெளிவாகச் சொல்லிவிட்டு, பிறகு திருமணத்தைப் பற்றிச் சொல்லுங்கள். அவர்களுடைய கோபத்துக்கு அடியில், முதுமையில் தனித்துவிடப்படுவோமோ என்ற அச்சம் இருக்கக்கூடும். முதல் நாளில் வரும் மறுப்பை இறுதியானதாகக் கொள்ளாமல், சில மாதங்கள் பேச்சைத் தொடருங்கள். மிரட்டலோ அடியோ வீட்டுச் சிறையோ வந்தால் மட்டும் பேச்சை நிறுத்திவிட்டு, நம்பகமானவர்களின் துணையோடு முதலில் பாதுகாப்பான இடத்துக்குச் செல்லுங்கள்.

எல்லாவற்றையும் எண்ணிப் பார்த்த பின் காதலை விடுவதே சரி என்று தோன்றினால், அதுவும் மதிக்கத்தக்க முடிவுதான். அதை அவரிடம் நீங்களே நேரில் சொல்லுங்கள். பெற்றோர் மீது பழியைப் போடாமல், உங்கள் முடிவாகவே சொல்லுங்கள்.