அபராத நோட்டீஸ்: மன்னிப்புக் கடிதம் எழுதும் முன்

குன்னூர், ஊட்டிப் பக்கம் சாக்லேட், வர்க்கி, தேயிலைத்தூள் விற்பவர்களுக்கு உணவுப் பாதுகாப்பு நோட்டீஸ் வந்தால் பதில் எழுதிக் கொடுப்பது என் வேலை. தொடக்கத்தில் நான் செய்த தவறுகளையே இந்த மாதமும் இருவர் செய்துவிட்டு வந்து நின்றார்கள். நோட்டீஸை வாங்க மறுப்பது, விசாரணைக்குப் போகாமல் இருப்பது பற்றியெல்லாம் நான் சொல்லத் தேவையில்லை.

ஆள் மாறிக் கெஞ்சுவது

மாதிரி எடுத்த உணவுப் பாதுகாப்பு அலுவலரிடம் கெஞ்சிப் பயனில்லை. 2006ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் 68ஆம் பிரிவில் விசாரித்து அபராதம் விதிப்பவர் நம் மாநிலத்தில் மாவட்ட வருவாய் அலுவலர். அவருக்கும் எல்லை உண்டு. பாதுகாப்பற்ற உணவு போன்ற சிறைத் தண்டனைக் குற்றங்கள் நீதிமன்றத்துக்குத்தான் போகும். தப்புக்குறியீட்டுக்கு, அதாவது லேபிள் பிழைக்கு 3 லட்சம், தரக்குறைவுக்கு 5 லட்சம் என்பவை உச்சவரம்புகள். அதற்குக் கீழே எவ்வளவு என்பதை அவர் காரணத்தோடு தீர்மானிக்க வேண்டும்.

மன்னிப்புக் கடிதம்

இதை நினைத்தால் இன்றும் எனக்கு ஆறாது. வீட்டில் சாக்லேட் செய்து விற்கும் ஓர் அக்காவுக்கு, லேபிளில் தொகுதி எண் (பேட்ச் நம்பர்) இல்லை என்று நோட்டீஸ் வந்தது. நான்தான் எழுதிக் கொடுத்தேன்: "ஐயா, தெரியாமல் நடந்துவிட்டது. கருணை கூர்ந்து மன்னிக்க வேண்டுகிறேன்." அவ்வளவுதான். உத்தரவில் 'குற்றத்தை ஒப்புக்கொண்டுள்ளார்' என்று ஒரே வரி, 25,000 ரூபாய் அபராதம். அவருடைய மூன்று மாத வருமானம் அது.

பிறகுதான் அவர் ஒரு பிஸ்கட் டப்பாவைத் திறந்து காட்டினார். அச்சகத்துக்குக் கொடுத்த மாதிரித் தாளில் தொகுதி எண்ணுக்கு இடம் இருந்தது. அச்சடித்து வந்ததில் அந்த வரியே இல்லை. ரசீதும் இருந்தது. நோட்டீஸ் வந்த அன்று மாலையே கடைகளிலிருந்து திரும்ப வாங்கிய பெட்டிகளின் கணக்கைப் பென்சிலில் எழுதி வைத்திருந்தார். முன்பு ஒரு வழக்கும் அவர் மீது இல்லை.

அபராதம் எவ்வளவு என்று தீர்மானிக்க 49ஆம் பிரிவு கேட்பது இவற்றைத்தான்: தவறால் கிடைத்த ஆதாயம், பிறருக்கு நேர்ந்த இழப்பு, திரும்பத் திரும்ப நடந்ததா, அறியாமல் நடந்ததா. 'தெரியாமல்' என்ற சொல்லுக்குச் சட்டத்திலேயே இடம் இருக்கிறது. ஆனால் அதை ரசீதோடு நிறுவ வேண்டும். இத்தனையும் டப்பாவில் கிடக்க, நான் கண்ணீரை மட்டும் அனுப்பினேன். அதிகாரியைக் குறை சொல்ல வழியில்லை. அவர் முன் வைக்காததை அவர் எப்படி எடைபோடுவார்? மேல்முறையீட்டில், "இதை அங்கேயே ஏன் தரவில்லை?" என்று கேட்டார்கள். அபராதம் அப்படியே நின்றது.

ஆவணங்களைக் கொடுத்திருந்தால் நிலைமை வேறு. கொடுத்ததை உத்தரவு கண்டுகொள்ளாவிட்டால், அதுவே மேல்முறையீட்டுக்கு வலுவான காரணம். உத்தரவில் இல்லாத காரணத்தை அதிகாரி பிற்பாடு பிரமாணப் பத்திரத்தில் சேர்த்து முட்டுக்கொடுக்க முடியாது என்று மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1977இலேயே சொல்லிவிட்டது.

ஆகவே முதல் பதிலிலேயே ஒவ்வொரு தாளையும் எண்ணிட்டு இணையுங்கள். நகலில் பெற்றதற்கான முத்திரை வாங்குங்கள்.

பகுப்பாய்வு அறிக்கையை மடித்து வைப்பது

மாதிரியைச் சோதித்து ஆய்வகம் தரும் அந்த அறிக்கையை எதிர்த்து நியமன அலுவலரிடம் (அந்தப் பகுதியின் உணவுப் பாதுகாப்புப் பொறுப்பு அதிகாரி) முறையிட, அது கிடைத்ததிலிருந்து 30 நாள்தான்.

நான்காம் பகுதியை மறப்பது

மாதிரியை நான்காகப் பிரிப்பார்கள். ஒரு பகுதியை அங்கீகாரம் பெற்ற ஆய்வகத்துக்கு அனுப்பச் சொல்லி நீங்கள் கேட்கலாம். மாதிரி எடுக்கும்போதே கேளுங்கள்.

சிவில் நீதிமன்றத்துக்கு ஓடுவது

72ஆம் பிரிவு தடுக்கிறது.

உத்தரவை அலமாரியில் வைப்பது

அபராதம் கட்டாவிட்டால் நில வருவாய் பாக்கி போல வசூலிப்பார்கள். கட்டும்வரை உரிமமும் நிறுத்தப்படும். உணவுப் பாதுகாப்பு மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு செய்ய 30 நாள், உத்தரவு கையில் கிடைத்த நாளிலிருந்து. ஆடி மழையில் மண் சரிந்தால் எஸ்டேட் பக்கம் தபால் பல நாள் தாமதமாகும். தபால் முத்திரை உள்ள உறையை உத்தரவோடு சேர்த்துக் குத்தி வையுங்கள்.