சுறா, அடிக்கட்டை, யன்னல்: அமெரிக்க ஓவியம் பார்க்கப் பழகுவது எப்படி

அமெரிக்க ஓவியத்தைப் பற்றி ஒரு பக்கம் எழுதச் சொன்னால், பிள்ளைகள் முதல் வரியிலேயே சுதந்திரம், தனிமை, இயற்கை என்று எழுதிவிடுவார்கள். இந்த மூன்றையும் எந்த நாட்டுப் படத்தின் மேலும் ஒட்டிவிடலாம். அதனால் என்னிடம் சித்திரம் படிக்க வருகிறவர்களுக்கு ஒரு சட்டம் வைத்திருக்கிறேன். படத்தில் விரல் வைத்துக் காட்ட முடியாத எதையும் முதல் அரை மணித்தியாலம் எழுதக் கூடாது. சுறாவைத் தொட்டுக் காட்டலாம், பயத்தைக் காட்ட முடியாது. ஆகவே கொப்பியில் சுறா என்று எழுது, பயம் பிறகு தானாக வரும்.

தமிழ் பாடத்தில் திணை படித்தவர்களுக்கு இது பழகிய வேலைதான். சுறாவும் உப்பும் புன்னையும் நெய்தலின் கருப்பொருள்; இரங்கல் உரிப்பொருள். பொருளைப் பிடித்துக்கொண்டு உணர்வுக்குப் போகிற வழி நமக்குத் தெரியும். ஆனால் நம் புலவர்களுக்கு அந்த இணைப்பை இலக்கணம் வகுத்துக் கொடுத்திருந்தது. அமெரிக்க ஓவியர்களுக்கு அப்படி ஒன்று கிடையாது. ஒரே வள்ளம் ஒரு படத்தில் ஒன்றைச் சொல்லும், இருபது வருடம் கழித்து இன்னொரு படத்தில் அதற்கு எதிரானதைச் சொல்லும். எனவே ஒரு படத்தோடு நிற்காமல், அதே பொருள் வேறெங்கே வருகிறது என்று தேடிப் போக வேண்டும்.

கையில் ஒரு ஃபோன், ஒரு கொப்பி, ஒரு பென்சில் போதும். திருகோணமலையில் இருந்துகொண்டு இந்தப் படங்களை நேரில் பார்க்க வழியில்லை என்று கவலைப்பட வேண்டாம். நியூயோர்க்கின் மெட்ரோபொலிட்டன் மியூசியம், வாஷிங்டனின் நஷனல் கலரி, சிக்காகோவின் ஆர்ட் இன்ஸ்டிடியூட் ஆகிய மூன்றும் காப்புரிமை முடிந்த படங்களைப் பெரிய அளவில் இலவசமாகத் தரவிறக்க விடுகின்றன. கூகிள் தேடலில் முதலில் வரும் சின்னப் படத்தை நம்பாதீர்கள். நிறம் மாறியிருக்கும், சில நேரம் ஓரமும் வெட்டுப்பட்டிருக்கும். எங்கள் வேலைக்கு ஓரம்தான் முக்கியம்.

கடலில் தொடங்குங்கள். கடற்கரைப் பிள்ளைகளுக்கு அது சுலபம் என்பது ஒரு காரணம். வின்ஸ்லோ ஹோமர் என்ற ஓவியரின் 'கல்ஃப் ஸ்ட்ரீம்' எனக்குப் பிடிக்கும் என்பது மற்றது. 1899இல் வரைந்த படம், மெட்ரோபொலிட்டனில் இருக்கிறது. முதலில் ஃபோனைக் கையெட்டும் தூரத்தில் பிடித்து முழுப் படத்தையும் பாருங்கள். பிறகு பெரிதாக்கி, இடது மேல் மூலையிலிருந்து வரிசையாக வந்து, கண்ணில் படுகிற பொருட்களை எழுதுங்கள். பெயரடை வேண்டாம். 'பயங்கரமான அலை' என்று எழுதினால் நான் 'பயங்கரமான' என்பதை வெட்டிவிடுவேன்.

எங்கள் ஒழுங்கையில் கடற்றொழில் செய்யும் அண்ணை ஒருவர் இருக்கிறார். இந்தப் படத்தை அவரிடம் காட்டியபோது என் மாணவர்கள் எல்லோரையும்விட வேகமாகப் பட்டியல் போட்டார். "பாய்மரம் முறிஞ்சு போச்சு ரீச்சர், சுக்கானும் இல்ல. தூரத்தில சுழல் ஒண்டு கடலுக்க இறங்குது. இதெல்லாம் நடக்கேக்க இவன் என்னத்துக்கு இப்பிடிச் சாய்ஞ்சு கிடக்கிறான்?" அந்தக் கடைசிக் கேள்விதான் படத்தின் நடு. கறுப்பின மனிதர் ஒருவர் தளத்தில் முழங்கையை ஊன்றிப் படுத்திருக்கிறார். சுற்றிச் சுறாக்கள். பக்கத்தில் சில கரும்புத் தண்டுகள். இடது பக்க அடிவானத்தில் ஒரு கப்பல், அதை அவர் பார்க்கவில்லை.

இப்போது அந்தக் கப்பலை விரலால் மறையுங்கள். எடுங்கள். மறுபடி மறையுங்கள். ஹோமர் அதைப் பிற்பாடுதான் சேர்த்தார். கப்பல் இல்லாத படத்தில் முடிவு ஒன்றுதான். கப்பல் வந்ததும் காப்பாற்றப்படலாம் என்ற எண்ணம் வருகிறது, அதோடு சேர்ந்து, அவர் பார்க்காமலே போய்விடுவாரோ என்ற பதற்றமும் வருகிறது. எனக்குக் கப்பல் இருக்கிற படம்தான் கூடுதல் கொடுமை. வகுப்பில் பாதிப் பேர் இதை ஒத்துக்கொள்வதில்லை. படத்துக்கு விளக்கம் கேட்டவர்களுக்கு ஹோமர் எரிச்சலோடுதான் பதில் எழுதினார். ஆகவே அவரிடமிருந்து உதவி கிடைக்காது.

அடுத்த வேலை, பட்டியலில் ஒரு பொருளை எடுத்துக்கொண்டு பின்னோக்கிப் போவது. சுறாவை எடுப்போம். ஜோன் சிங்கிள்டன் கொப்லியின் 'வொட்சன் அண்ட் த ஷார்க்', 1778, வாஷிங்டன் நஷனல் கலரி. 1749இல் ஹவானா துறைமுகத்தில் குளிக்க இறங்கிய பதினான்கு வயதுப் பையனைச் சுறா கடித்து ஒரு காலைப் பறித்த உண்மைச் சம்பவம். பையன் பிழைத்து, பிற்காலத்தில் லண்டனின் மேயரும் ஆனான். கொப்லியின் சுறாவுக்கு உதடு இருக்கும்! மீன் சந்தைக்குப் போய்ப் பழகிய எவரும் சிரித்துவிடுவார்கள். சிரித்து முடித்த பிறகு வள்ளத்தைப் பாருங்கள். ஒன்பது பேர், எல்லோரும் பையனை நோக்கி. அந்தக் கூட்டத்தின் உச்சியில் கயிற்றைப் பிடித்தபடி நிற்பவர் ஒரு கறுப்பினத்தவர்.

இரண்டு படத்தையும் பக்கத்தில் வையுங்கள். சுறாவும் வள்ளமும் வெப்பக் கடலும் இரண்டிலும் உண்டு. 1778இல் கறுப்பின மனிதர் மீட்கிறவர்களில் ஒருவர். 1899இல் மீட்க யாரும் இல்லாமல் தனியே கிடக்கிறார். இடையில் உள்நாட்டுப் போர் நடந்து, அடிமை முறை 1865இல் சட்டப்படி ஒழிந்து, பிறகு தென் மாநிலங்களில் இனப் பாகுபாட்டுச் சட்டங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்துவிட்டன. இதைத் தெரிந்துகொண்டு கரும்புத் தண்டுகளிடம் திரும்பி வாருங்கள். அமெரிக்கக் கண்டத்தில் அடிமைகளின் உழைப்பில் விளைந்த பயிர்களில் கரும்பு முதன்மையானது. ஹோமர் இதை நினைத்துத்தான் வைத்தார் என்று நான் சத்தியம் செய்யமாட்டேன். ஆனால் அந்த வள்ளத்தில் வேறு என்னவெல்லாமோ கிடந்திருக்கலாம், கிடப்பது கரும்பு.

சுறாவை விட்டு வள்ளத்தைப் பிடித்துப் போனால் இன்னும் நல்ல விளைச்சல். ஹோமரே 1870களில் வரைந்த 'பிரீஸிங் அப்' படத்தில் ஒரு பெரியவரும் மூன்று பையன்களும் நல்ல காற்றில் பாய் விரித்துப் போகிறார்கள். சுக்கானைப் பிடித்திருப்பது ஒரு பையன். அணியத்தில் நங்கூரம், மேற்கத்திய மரபில் அது நம்பிக்கையின் சின்னம். படம் காட்சிக்கு வந்தது 1876இல், நாடு சுதந்திரத்தின் நூறாம் ஆண்டைக் கொண்டாடிய வருடம். அடுத்தது 1885இன் 'ஃபொக் வோர்னிங்'. பெரிய தட்டை மீன்களோடு தனியே துடுப்புப் போடும் ஒருவர் திரும்பித் தாய்க்கப்பலைப் பார்க்கிறார். அடிவானத்தில் மூடுபனி எழும்புகிறது. இவர் கப்பலைப் பார்க்கிறார், கல்ஃப் ஸ்ட்ரீமில் கிடப்பவர் பார்க்கவில்லை. வள்ளம், தூரக் கப்பல், மனிதனின் கண் போகும் திசை ஆகிய மூன்றை மட்டும் கட்டமாகப் போட்டு நிரப்புங்கள். கட்டுரையில் பாதி முடிந்துவிடும்.

கரைக்கு வருவோம். அமெரிக்க நிலக்காட்சிகளில் தேட வேண்டிய பொருள் வெட்டிய மரத்தின் அடிக்கட்டை. மலையையும் அருவியையும் எல்லோரும் பார்ப்பார்கள், படத்தின் கீழ் விளிம்பை யாரும் பார்ப்பதில்லை. இங்கிலாந்தில் பிறந்து அமெரிக்கா போன தோமஸ் கோல் 1836இல் வரைந்த 'ஒக்ஸ்போ' படத்தின் இடது பாதியில் புயலும் முறிந்த மரமும் காடும். வலது பாதியில் வெயிலும் வயலும் வளைந்தோடும் ஆறும். கீழே நடுவில் பெரிதாக்கிப் பாருங்கள், தொப்பியோடு கோலே உட்கார்ந்து வரைந்துகொண்டிருப்பார். பிள்ளைகளுக்கு இதைச் சொல்லாமல் அவர்களாகக் கண்டுபிடிக்க விடுகிறேன். ஏறத்தாழ இருபது வருடம் கழித்து ஜோர்ஜ் இன்னஸ், ஒரு ரயில் கம்பனி கேட்டுக்கொண்டதால் 'லக்கவானா வலி' வரைந்தார். ரயில் வருகிறது, புகை எழும்புகிறது, முன்னால் வெளி முழுக்க அடிக்கட்டைகள். கந்தளாய்ப் பக்கத்திலிருந்து வந்த ஒரு பிள்ளை, "சேனைக்குத் துப்புரவாக்கின காணி மாதிரி இருக்கு" என்றாள். அவளுக்கு அந்தக் கட்டைகள் இழப்பாகவே தெரியவில்லை, அடுத்த போக விளைச்சலாகத் தெரிந்தன. டவுனில் வளர்ந்த பிள்ளைகள் காடழிப்பு என்றார்கள். இன்னஸின் படம் இரண்டுக்கும் இடம் கொடுக்கிறது. காசு கொடுத்தது ரயில்காரர் என்பதையும் சேர்த்து எழுதினால் புள்ளி தருவேன்.

யன்னலுக்கு எட்வேட் ஹொப்பர். இதில் முன்கூட்டியே ஒரு பயிற்சி உண்டு. இருட்டிய பிறகு உங்கள் தெருவில் திறந்திருக்கும் ஒரு தேத்தண்ணிக் கடையை எதிர்ப்பக்கத்திலிருந்து கோட்டுச் சித்திரமாக வரையுங்கள். பத்து நிமிடம் போதும். வாசலைக் கட்டாயம் வரைந்திருப்பீர்கள், ஏனென்றால் ஆட்கள் ஏறி இறங்குவது அதனால்தான். இப்போது சிக்காகோவில் இருக்கும் 'நைட்ஹோக்ஸ்' படத்தைத் திறந்து, தெருவிலிருந்து உள்ளே போகும் வாசலைத் தேடுங்கள். கிடைக்காது. வளைந்த கண்ணாடி, உள்ளே நான்கு பேர், வெளியே வெறும் தெரு. உள்ளே தெரியும் ஒரே கதவு பின்பக்கத்துக்குப் போகிறது. 'தனிமை' என்று எழுதத் துடிக்கிறவர்கள் இந்த வாசலைச் சொல்லிவிட்டு எழுதட்டும். ஹொப்பரே தனக்கு அது அவ்வளவு தனிமையான இடமாகப் படவில்லை என்று சொல்லிவிட்டு, தன்னையறியாமல் ஒரு பெருநகரத்தின் தனிமையை வரைந்திருக்கலாம் என்றும் ஒத்துக்கொண்டவர்.

ஆண்டையும் பார்க்க வேண்டும். படம் 1942 ஜனவரியில் முடிந்தது. அதற்குச் சில கிழமைகளுக்கு முன்னர்தான் பேர்ள் ஹாபர் தாக்கப்பட்டது. அந்தத் தாக்குதலை நடத்திய அதே ஜப்பானிய அட்மிரல் நகுமோவின் விமானங்கள் 1942 ஏப்ரல் 9ஆம் திகதி திருகோணமலையிலும் குண்டு போட்டன. என் வகுப்பில் இதைச் சொன்ன பிறகு, அந்தக் கடைக்கு வெளியே இருக்கும் இருட்டைப் பிள்ளைகள் வேறு மாதிரிப் பார்க்கிறார்கள்.

கொடியைப் பற்றி நிறையச் சொல்லத் தேவையில்லை. எமானுவல் லொயிட்ஸ என்ற ஓவியர் 1851இல் வரைந்த 'வோஷிங்டன் குறொஸிங் த டெலவெயார்' படத்தில் 1776 டிசம்பரில் ஆறு கடக்கும் படகிலே, 1777 ஜூனில் ஏற்கப்பட்ட கொடி பறக்கிறது. ஜஸ்பர் ஜோன்ஸ் 1954-55இல் செய்த 'ஃபிளாக்'கில் 48 நட்சத்திரங்கள். அலாஸ்காவும் ஹவாயும் மாநிலங்களாகச் சேர்ந்தது 1959இல்தான். இரண்டிலும் கொடி காற்றில் இருக்கிறதா, சுவரில் தட்டையாக இருக்கிறதா என்று மட்டும் பாருங்கள்.

கிராண்ட் வூட்டின் 'அமெரிக்கன் கொதிக்' (1930) கோணேஸ்வரத்துப் பிள்ளைகளுக்குப் பிடித்த படம். கிழவரின் கையில் இருக்கும் மூன்று முனைக் கவையை எல்லோரும் சூலம் என்கிறார்கள். அது வைக்கோல் அள்ளும் கருவிதான், ஆனால் சூலமென்று கண்ணுக்குப் பட்டதால் அதே வடிவம் அவருடைய மேலாடையின் தையலில் திரும்ப வருவதை உடனே பிடித்துவிடுகிறார்கள். ஒரு வடிவம் ஒரே படத்துக்குள் திரும்பத் திரும்ப வந்தால் அதை எண்ணுங்கள். பிறகு கோர்டன் பார்க்ஸ் 1942இல் வாஷிங்டனில் எடுத்த புகைப்படத்துக்குப் போங்கள். அரசாங்கக் கட்டடத்தைத் துப்புரவு செய்யும் எல்லா வொட்சன் என்ற கறுப்பினப் பெண், கையில் தும்புத்தடி, பின்னால் பெரிய கொடி. அந்தப் படத்துக்கும் 'அமெரிக்கன் கொதிக்' என்றே பெயர். கவை இருந்த இடத்தில் தும்புத்தடி வந்து நிற்கிறது. இதைவிடத் தெளிவான உதாரணம் எனக்குத் தெரியாது.

ஜேக்கப் லோரன்ஸுக்கு ஒரு முழு வகுப்பு ஒதுக்குங்கள். தென் மாநிலங்களிலிருந்து வடக்கு நகரங்களுக்குப் போன கறுப்பின மக்களைப் பற்றி 1940-41இல் 60 சிறு பலகைகளில் வரைந்த தொடர். இரட்டை எண்கள் நியூயோர்க்கின் நவீன கலை மியூசியத்திலும் ஒற்றை எண்கள் வாஷிங்டனின் ஃபிலிப்ஸ் கலெக்ஷனிலும் இருக்கின்றன. பலகைகளை வரிசையாக அடுக்கி, ஒரு நிறத்தை எல்லாவற்றிலும் பூசி முடித்த பிறகே அடுத்த நிறத்தை எடுத்தார். அதனால் முதற் பலகையின் மஞ்சளும் கடைசிப் பலகையின் மஞ்சளும் ஒரே மஞ்சள். முதலாவதில் சிக்காகோ, நியூயோர்க், சென் லூயிஸ் என்ற மூன்று வாசல்களை நோக்கிக் கூட்டம் நெருக்குகிறது. அறுபதாவதிலும் ரயில் மேடையில் மூட்டை முடிச்சோடு கூட்டம் நிற்கிறது.

இங்கே நான் ஒன்றும் கற்பிப்பதில்லை. மூதூர்ப் பக்கத்தில் இடம்பெயர்ந்த வீடுகளின் பிள்ளைகள் மூட்டைகளைத்தான் முதலில் எழுதுகிறார்கள், யார் எதைத் தூக்கியிருக்கிறார்கள், யார் வெறுங்கையோடு நிற்கிறார்கள் என்று. முகங்களில் கண் மூக்குச் சரியாக இல்லையே என்று ஒருவரும் கேட்டதில்லை.

எழுதும்போது வரிசை இதுதான்: பொருள், அது படத்தில் இருக்கும் இடம், அதே பொருள் வரும் இன்னொரு படம், இரண்டுக்கும் நடுவில் என்ன மாறியது, நாட்டில் என்ன நடந்தது. கடைசியாக ஒரே ஒரு வசனத்தில் உரிப்பொருள். அந்த வசனத்தை முதல் வரிக்குக் கொண்டுபோக வேண்டாம்.

அடுத்து எதை எடுக்கலாம் என்று கேட்பவர்களுக்கு அன்ட்றூ வையெத்தைச் சொல்வேன். எல்லோரும் காட்டும் 'கிறிஸ்டினாஸ் வேர்ல்ட்' வேண்டாம், அதற்கு முந்தின வருடம், 1947இல் வரைந்த 'வின்ட் ஃபுரொம் த சீ' எடுங்கள். திறந்த யன்னல், கிழிந்த வலைத் திரை, உள்ளே வரும் கடற்காற்று. மனிதரே இல்லாத படம் என்பதால் பிள்ளைகளுக்குச் சோகம் என்று எழுதித் தப்ப வழியில்லை, திரையைத்தான் பார்க்க வேண்டியிருக்கும். காப்புரிமை முடியாததால் தரவிறக்க முடியாது, நஷனல் கலரியின் தளத்திலேயே வைத்துப் பாருங்கள்.